சம்பளக் கணக்கில் சேராத வீடு



நம் சமுதாய மேடைகளில் ஒரு பேச்சு அடிக்கடி காதில் விழுகின்றது. "தோட்டத்தை விட்டு வெளியேறி இத்தனை ஆண்டுகள் ஆகியும் நம்மவர்களில் பலருக்குச் சொந்த வீடு இல்லை. சேமிப்புப் பழக்கம் இல்லை, குடியும் கொண்டாட்டமும் பணத்தைத் தின்றுவிட்டன, வீடு வாங்க வேண்டும் என்ற சிந்தனையே எழவில்லை" என்பது அந்தப் பேச்சு. இப்படிப் பேசுகின்றவர்கள் சொந்த வீட்டிலிருந்து புறப்பட்டு வந்து, பேசிவிட்டு, சொந்த வீட்டுக்கே திரும்புகின்றவர்கள். கூட்டமும் தலையாட்டிக் கைதட்டுகின்றது. மேடைகளில் மட்டுமா? பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்திலும், சில வேளைகளில் ஆசிரியர் அறையிலும் இதே பேச்சுதான்.

இப்பேச்சு தவறு. அதிலும் கணக்குத் தவறு. நம் மக்கள் வீடில்லாமல் போனதற்குச் சட்டத்திலும் அரசாங்கத்தின் வீடமைப்புக் கொள்கையிலும் எழுத்துப்பூர்வமான காரணங்கள் உள்ளன. பேராக் மாநிலத்தையே எடுத்துக்காட்டாகக் கொண்டு அவற்றை ஒவ்வொன்றாக எடுத்து வைக்கின்றேன். படித்துவிட்டு, அடுத்த முறை மேடையில் அந்தப் பேச்சு எழும்போது கைதட்டுவதா எழுந்து வினவுவதா என்பதை நீங்களே முடிவு செய்யுங்கள்.

சட்டம் வீட்டுக்கு இட்ட மதிப்பு

நம் தாத்தா பாட்டிமார் பால்மரம் வெட்டிய காலத்தில் லயத்து வீட்டுக்கு வாடகை கிடையாது. வீடும் தண்ணீரும் இலவசமாகக் கொடுக்கிறோமே, கூலியை வேறு ஏன் உயர்த்த வேண்டும் என்பது முதலாளிகள் தரப்பின் வழக்கமான வாதம். அதாவது, கூலி பேசும்போது வீட்டுக்கு ஒரு மதிப்பு இருந்தது. அந்த மதிப்பைக் காட்டித்தான் கூலி குறைவாக வைக்கப்பட்டது.

இப்பொழுது 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தைப் புரட்டுங்கள். 'சம்பளம்' என்னும் சொல்லுக்கு அச்சட்டம் தரும் விளக்கத்திலேயே, தங்குவதற்குக் கொடுக்கப்படும் வீட்டின் மதிப்பு சம்பளத்தில் சேராது என்று எழுதப்பட்டுள்ளது. உணவு, எரிபொருள், விளக்கு, தண்ணீர் ஆகியவற்றின் மதிப்பும் சேராது. படிப்பதற்குச் சிறிய வரிதான். ஆனால், தோட்டத்து மக்களின் தலையெழுத்தை எழுதிய வரிகளில் இதுவும் ஒன்று.

ஏனென்று பாருங்கள். தோட்டம் விற்கப்பட்டு வேலை போனால் தொழிலாளிக்கு எவ்வளவு இழப்பீடு என்பதை 1980-ஆம் ஆண்டின் பணிநீக்க இழப்பீட்டு ஒழுங்குமுறைகள் வகுக்கின்றன. ஐந்தாண்டும் அதற்கு மேலும் வேலை செய்தவருக்கு, ஓராண்டுக்கு 20 நாள் சம்பளம் என்பது கணக்கு. முப்பது ஆண்டு மரம் வெட்டியவருக்கு 600 நாள் சம்பளம் கிடைக்கும். ஒரு நாளைக்கு 20 ரிங்கிட் என்று வைத்துக்கொள்வோம். 12,000 ரிங்கிட் வரும். நாலாம் ஆண்டு மாணவனும் போடக்கூடிய பெருக்கல் இது. அந்தப் பெருக்கலில் வீடு எங்கே இருக்கின்றது? எங்கும் இல்லை. வேலையோடு சேர்ந்து வீடும் போகின்றது. ஆனால், சட்டத்தின் கண்ணில் போனது வேலை மட்டும்தான். கூலி பேசும்போது விலை பெற்ற வீடு, கணக்குத் தீர்க்கும்போது சுழியமாகிவிட்டது.

ஓய்வு பெறும் வயதை எட்டி வேலையை முடித்துக்கொண்டவருக்கு அந்த ஒழுங்குமுறைகளின்படி இழப்பீடே இல்லை. அவருக்கு ஊழியர் சேமநிதியில் இருந்த சிறு தொகைதான் கைக்கு வந்தது. வீட்டையும் காலி செய்ய வேண்டும். இதனால் என்ன நடந்தது என்பதைத் தோட்டப்புறப் பள்ளிகளில் பணியாற்றிய மூத்த ஆசிரியர்களைக் கேட்டால் சொல்வார்கள். குடும்பத்தில் ஒருவராவது தோட்டத்தில் பேர் போட்டிருந்தால்தான் வீடு நிலைக்கும் என்பதால், அப்பா ஓய்வு பெறுவதற்குள் மகனையோ மகளையோ பெரட்டுக்கு அனுப்பினார்கள். படிக்க வேண்டிய பிள்ளை வீட்டைக் காப்பாற்றுவதற்காக மரம் வெட்டப் போனது. இதையும் 'படிப்பில் அக்கறை இல்லாத சமுதாயம்' என்று நாம் வேறொரு மேடையில் திட்டித் தீர்த்தோம்.

தொழிலாளர் வீடுகளுக்கென்று சட்டமே இல்லையா என்று கேட்கலாம். உண்டு. 1966-இல் தொழிலாளர் குடியிருப்புகளுக்கான குறைந்தபட்சத் தரச் சட்டம் வந்தது. 1990-இல் 446-ஆம் சட்டமாகப் புதிய வடிவம் பெற்றது. 2019-இல் திருத்தப்பட்டது. வீட்டின் தரம், தண்ணீர், கழிப்பறை, நலவசதி ஆகியவற்றை இச்சட்டம் பேசுகின்றது. வேண்டிய சட்டம்தான், மறுக்கவில்லை. ஆனால், நாற்பது ஆண்டு குடியிருந்த குடும்பத்துக்கு அந்த வீட்டிலோ மண்ணிலோ என்ன உரிமை என்ற வினாவுக்கு இச்சட்டத்தில் விடை கிடையாது. குடியிருக்கும் வரை வீடு நல்ல நிலையில் இருக்க வேண்டும், வெளியேற்றப்பட்டால் அவரவர் பாடு.

வேலிக்குள் இருவகைக் குடிகள்

இவ்வினாவுக்கு விடை தரும் வாய்ப்பு அரசாங்கத்திற்கு வாய்க்காமல் இல்லை. பேராக்கின் சுங்கை சிப்புட் வட்டாரத்தில், எல்பில் தோட்டம் உள்ளிட்ட இடங்களில், 1948-ஆம் ஆண்டு ஜூன் 16-ஆம் நாள் தோட்ட நிர்வாகிகள் மூவர் கொல்லப்பட்டனர். அதைத் தொடர்ந்து அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. 1950-இல் பிரிக்ஸ் திட்டத்தின்கீழ் இலட்சக்கணக்கான மக்கள் இடம் மாற்றப்பட்டனர். நம் நாட்டின் முதல் பெரிய வீடமைப்புக் கொள்கை இதுதான் என்பது என் கருத்து. நோக்கம் போர். விளைவு வீடமைப்பு.

காட்டோரங்களில் குடியிருந்தவர்கள், பெரும்பாலும் சீனர்கள், புதுக்கிராமங்களுக்குக் கொண்டுவரப்பட்டனர். கொடுமையான இடமாற்றம் அது. முள்வேலி, காவல், உணவுக் கட்டுப்பாடு எல்லாம் இருந்தன. ஆயினும் அங்கே குடும்பத்துக்கு ஒரு மனை என்று அளந்து கொடுத்தார்கள். முதலில் தற்காலிக உரிமமாக இருந்தது, பின்னர் பல இடங்களில் குத்தகைப் பட்டாவாக மாறியது. தோட்டத் தொழிலாளர்களும் அதே காலத்தில் இடம் மாற்றப்பட்டனர். சிதறிக் கிடந்த லயங்கள் ஒன்றாக்கப்பட்டு அவற்றைச் சுற்றியும் முள்வேலி போடப்பட்டது. ஆனால், அது தோட்ட முதலாளியின் நிலம். அங்கே எவருக்கும் மனை அளக்கப்படவில்லை. ஒரே அவசரகாலம், ஒரே முள்வேலி. வேலியை எடுத்தபோது ஒரு சாராருக்குக் கிராமம் மிஞ்சியது. மற்றவருக்கு வேலைக்கான வீடு மட்டும் மிஞ்சியது.

2008-இல் பேராக் மாநிலத்தில் அமைந்த புதிய அரசு, புதுக்கிராம மக்களுக்கும் திட்டமிட்ட கிராம மக்களுக்கும் நிரந்தரப் பட்டா வழங்கப் போவதாக அறிவித்தது. கூட்டரசுத் தரப்பு அதனை எதிர்த்தது. தேசிய நில மன்றம் வரையில் அந்த விவாதம் போனது. சரியா தவறா என்று நாளேடுகள் எழுதித் தீர்த்தன. அந்த விவாதத்தில் தோட்டத்து மக்கள் எந்தப் பக்கமும் இல்லை. பட்டா நிரந்தரமா குத்தகையா என்று வாதிடுவதற்கே முதலில் கிராமம் என்று ஒன்று வேண்டுமே! புதுக்கிராமத்து மக்கள் மீது எனக்கு மனத்தாங்கல் ஏதுமில்லை. அவர்களுக்குக் கிடைத்தது அவர்களுக்கு உரியது. நமக்கும் அது கிடைத்திருக்க வேண்டும் என்பதுதான் என் வழக்கு.

இந்த ஓட்டையை முதலில் கண்டவர்களுள் ஒருவரும் பேராக்காரர்தான். 1950-களில் வெள்ளைக்கார நிறுவனங்கள் தோட்டங்களை விற்றுவிட்டுப் புறப்பட்டபோது, வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு துண்டாக்கி விற்றனர். துண்டாடலில் தொழிலாளர்கள் வேலையையும் வீட்டையும் ஒருசேர இழந்தனர். 1951 முதல் 1960 வரை நடந்த துண்டாடலை உங்கு அசிஸ் ஆய்வு செய்து அறிக்கை எழுதினார். சுங்கை சிப்புட் மண்ணின் மைந்தர் துன் வீ.தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடக்கினார். மாதம் பத்து வெள்ளி என்று தோட்டம் தோட்டமாகச் சேர்த்துத் தோட்டங்களையே வாங்கினார்கள். சேமிக்கத் தெரியாத மக்கள் என்று பேசுகின்றவர்கள் இதற்கு என்ன விடை சொல்வார்கள்? நாட்கூலிக்காரர்கள் வயிற்றைக் கட்டிச் சேர்த்த பத்துப் பத்து வெள்ளிதானே அது!

மலிவுவிலை வீடு யாருக்கு மலிவு?

1980-களில் நிலைமை மாறியது. இரப்பர் விலை வீழ்ந்தது, செம்பனை வந்தது, வெளிநாட்டுத் தொழிலாளர்கள் வந்தனர். நகரங்கள் வீங்கின. ஈப்போவைச் சுற்றியும் கிந்தாப் பள்ளத்தாக்கு நெடுகிலும் பால்மரம் நின்ற இடங்களில் 'தாமான்'கள் முளைத்தன. 1980-க்கும் 2000-க்கும் இடையில் நாடெங்கும் ஏறத்தாழ மூன்று இலட்சம் இந்தியர்கள் தோட்டங்களிலிருந்து பெயர்ந்தனர் என்பது பரவலாக எடுத்தாளப்படும் கணக்கு.

இக்காலத்தில் அரசாங்கத்தின் கொள்கை என்னவாக இருந்தது? வீடமைப்பு மேம்பாட்டாளர்கள் கட்டும் வீடுகளில் 30 விழுக்காடு மலிவுவிலை வீடுகளாக இருக்க வேண்டும் என்று விதித்தார்கள். 1982-இல் அதன் உச்சவிலை 25,000 ரிங்கிட் என்று நிறுத்தப்பட்டது. 1998-இல் இடத்துக்கு ஏற்ப 25,000 முதல் 42,000 வரை என்று திருத்தப்பட்டது. ஏட்டில் நல்ல கொள்கை. தோட்டத்து மனிதருக்கு அது எப்படி எட்டியது என்று பார்ப்போம்.

மேலே போட்ட கணக்கை மறவாதீர்கள். முப்பதாண்டு உழைப்புக்கு 12,000 ரிங்கிட். வீடு 25,000. மீதிக்கு வங்கிக் கடன் வேண்டும். ஐம்பது வயதைத் தாண்டியவருக்கு, வேலையை இழந்தவருக்கு, மழை பெய்தால் கூலி குறைந்த நாட்கூலிக்காரருக்கு எந்த வங்கி கடன் கொடுக்கும்? கட்டி முடிக்க ஈராண்டு மூவாண்டு ஆகும் வீட்டுக்கு இன்று முன்பணம் கட்ட வேண்டும். அதுவரையில் வேறிடத்தில் வாடகையும் கட்ட வேண்டும். இழப்பீட்டுப் பணம் வாடகையிலேயே கரைந்தது. கரைந்த பணத்தைப் பார்த்துவிட்டுத்தான் 'ஊதாரித்தனம்' என்றார்கள்.

அடுத்து, சந்தை என்ன செய்தது என்று பாருங்கள். மலிவுவிலை வீட்டில் வரும் இழப்பை மேம்பாட்டாளர் தம் கைப்பணத்திலிருந்து ஈடு செய்வதில்லை. எஞ்சிய 70 விழுக்காட்டு வீடுகளின் விலையில் ஏற்றிவிடுகின்றார். வணிகத்தின் இயல்பு அது. இதனால் நடுத்தர விலை வீடு மேலும் விலையேறியது. அந்த ஏற்றம் யார் தலையில் விழுந்தது? லயத்தில் பிறந்து, படித்து, ஆசிரியராகவும் எழுத்தராகவும் தொழிற்சாலைத் தொழில்நுட்பராகவும் ஆன நம் அடுத்த தலைமுறையின் தலையில். 1998-இன் திருத்தத்தின்படி, மாத வருமானம் 1,500 ரிங்கிட்டைத் தாண்டிய குடும்பத்துக்கு எந்த இடத்திலும் மலிவுவிலை வீடு கிடையாது. நடுத்தர விலை வீட்டுக்கோ கைப்பணம் போதாது. அப்பாவுக்குக் கிடைக்காத வீட்டின் செலவில் ஒரு பங்கை, மகன் தன் வீட்டுக் கடனில் கட்டுகின்றான்.

நிலத்தின் கதை இதைவிடப் பெரிது. தேசிய நிலச் சட்டத் தொகுப்பின்படி ஒவ்வொரு பட்டாவிலும் நிலத்தின் வகை குறிக்கப்பட்டிருக்கும். வேளாண் நிலத்தைக் கட்டட நிலமாக மாற்ற 124-ஆம் பிரிவின்கீழ் மாநில அரசின் ஒப்புதல் வேண்டும், அதற்குரிய கட்டணமும் செலுத்த வேண்டும். ஒப்புதல் கிடைத்த அன்றே நிலத்தின் மதிப்பு தாவுகின்றது. ஏக்கர் கணக்கில் வாங்கிய மண் சதுர அடிக் கணக்கில் விலை பேசப்படுகின்றது. உரிமையாளருக்கு ஆதாயம், மேம்பாட்டாளருக்கு ஆதாயம், மாநிலக் கருவூலத்துக்கும் வருமானம். அந்த மண்ணைக் காடழித்துத் தோட்டமாக்கி, மூன்று தலைமுறையாகக் குடியிருந்த குடும்பத்துக்கு மட்டும் ஒரு காசும் இல்லை. அவர்களுக்குரியது, வீட்டைச் சேர்க்காத அந்த 20 நாள் கணக்குதான்.

'கட்டுப்படியான விலை' என்னும் புதுப்பெயர்

மலிவுவிலை வீடு என்ற பெயர் பழையதானபோது 'கட்டுப்படியான விலை வீடு' என்ற பெயர் வந்தது. 2012-ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிரிமா அமைக்கப்பட்டது. ஒரு இலட்சம் முதல் நான்கு இலட்சம் ரிங்கிட் வரையிலான வீடுகள், விண்ணப்பிக்கும் குடும்பத்தின் மாத வருமானம் குறைந்தது 2,500 ரிங்கிட் என்று வகுத்தார்கள். நடுத்தர வருமானக்காரர்களுக்கு அது உதவலாம். ஆனால், 2013-இல் குறைந்தபட்சச் சம்பளம் நடைமுறைக்கு வந்தபோது தீபகற்பத்தில் அது 900 ரிங்கிட். கணவன் மனைவி இருவரும் அந்தச் சம்பளத்தில் உழைத்தாலும் 1,800-தான். வாசற்படியே ஏற முடியாத உயரத்தில் இருந்தது.

வீட்டு விலை ஒரு குடும்பத்தின் ஆண்டு வருமானத்தில் மூன்று மடங்குக்குள் இருந்தால்தான் அது கட்டுப்படியான விலை என்பது உலக அளவில் பயன்படுத்தப்படும் ஓர் அளவுகோல். கசானா ஆய்வுக் கழகம் 2015-இல் வெளியிட்ட ஆய்வு, 2014-இல் நாட்டின் இடைநிலை வீட்டு விலை இடைநிலை ஆண்டு வருமானத்தைப் போல் 4.4 மடங்கு என்று கூறியது. இதே அளவுகோலை இன்றைய நிலைக்கு வைத்துப் பார்ப்போம். 2025-ஆம் ஆண்டில் குறைந்தபட்சச் சம்பளம் 1,700 ரிங்கிட் ஆனது. ஒருவர் மட்டும் உழைக்கும் குடும்பத்தின் ஆண்டு வருமானம் 20,400. மூன்று மடங்கு 61,200. இருவர் உழைத்தால் 122,400. ஈப்போவில் மேம்பாட்டாளர்கள் ஒட்டியிருக்கும் விளம்பரப் பலகைகளை ஒருமுறை நின்று படியுங்கள். அந்த விலையில் எத்தனை தரைவீடுகள் இருக்கின்றன என்று எண்ணிப் பாருங்கள்.

"ஈப்போவில் வீடு மலிவு, கோலாலம்பூரைப் போலவா?" என்பார்கள். விலை குறைவுதான். சம்பளமும் குறைவு என்பதைச் சேர்த்துச் சொல்ல வேண்டாமா? ஈப்போவின் விலை, கிள்ளான் பள்ளத்தாக்கில் உழைத்து முடித்து ஓய்வுக்காக வருபவருக்கு மலிவு. புந்தோங்கிலும் சிலிபினிலும் வாடகைக்கு இருந்து தொழிற்சாலைக்குப் பேருந்து ஏறும் இளைஞனுக்கு மலிவன்று. அதனால்தான் அவன் கிள்ளான் பள்ளத்தாக்குக்கே போய்விடுகின்றான்.

இன்னொரு பக்கம், கட்டிய வீடுகள் விற்காமல் கிடக்கின்றன. தேசியச் சொத்துடைமைத் தகவல் மையத்தின் கணக்குப்படி 2018-இன் முடிவில் நாட்டில் கட்டி முடித்தும் விற்காத வீடுகள் 32,313. மதிப்பு 1,986 கோடி ரிங்கிட். இப்பட்டியலில் பேராக்கும் இடம்பெறும் மாநிலம்தான். வீடு தேடும் மக்கள் ஒரு பக்கம், ஆள் தேடும் வீடுகள் மறுபக்கம். இரண்டும் சந்திக்காததற்கு மக்களின் சிந்தனைக் குறைவா காரணம்? யாருக்காகக் கட்டுகிறோம் என்று எண்ணாமல் விலை போட்டவர்களின் சிந்தனைக் குறைவு அன்றோ!

இவற்றையெல்லாம்விட என்னைச் சினங்கொள்ள வைப்பது ஒன்று உண்டு. எஸ்.பி.என்.பி. என்னும் அரசாங்க வீடமைப்பு நிறுவனத்தின் 'ருமா மெஸ்ரா ரக்யாட்' திட்டத்தில், குறைந்த வருமானக் குடும்பங்களுக்கு அரசாங்க உதவித் தொகையுடன் நல்ல தரைவீடு கட்டித் தருகின்றார்கள். சிறந்த திட்டம். ஆனால், நிபந்தனைகளுள் ஒன்றைப் பாருங்கள். வீடு கட்டச் சொந்த நிலம் இருக்க வேண்டும், அல்லது நில உரிமையாளரின் ஒப்புதல் வேண்டும். கிராமத்தில் பாட்டன் நிலம் உள்ளவருக்கு இது வரம். லயத்திலிருந்து வந்தவருக்கு ஏது நிலம்? நூறாண்டு உழைத்தும் ஒரு சாண் மண் கிடைக்காதவரிடம், 'மண்ணோடு வா, வீடு தருகிறேன்' என்று சொல்லும் கொள்கை இது.

கடன் வசதியும் செய்து தரப்பட்டது. 2010-களின் தொடக்கத்தில் தோட்டத் தொழிலாளர்களுக்கென ஐந்து கோடி ரிங்கிட் நிதி பேங்க் சிம்பானான் நேஷனல் வழியாக அறிவிக்கப்பட்டது. 60,000 ரிங்கிட் வரை கடன், 4 விழுக்காடு வட்டி, 40 ஆண்டு வரை தவணை. அடைக்க முடியாவிட்டால் அடுத்த தலைமுறை தொடரலாம். மாதம் சுமார் 250 ரிங்கிட் என்று நாற்பது ஆண்டு கட்டினால் மொத்தம் ஏறத்தாழ 120,000 ஆகும். அப்பனின் கடன் பிள்ளைக்குத் தொடரலாம் என்று சட்டம் போடத் தெரிந்தவர்களுக்கு, அப்பன் அந்த மண்ணில் குடியிருந்த ஆண்டுகளைப் பிள்ளையின் கணக்கில் வரவு வைக்கத் தெரியவில்லை.

மறுப்புரைகளுக்கு விடை

"தோட்டம் தனியார் சொத்து. உரிமையாளர் விருப்பப்படி விற்பார்" என்று சிலர் சொல்லக்கூடும். விற்கட்டும், தடையில்லை. ஆனால், வேளாண் நிலத்தைக் கட்டட நிலமாக்குவது உரிமையாளரின் விருப்பம் அன்று. மாநில அரசு கொடுக்கும் ஒப்புதல் அது. பொதுமக்களின் பெயரால் கொடுக்கப்படும் ஒப்புதலுக்குப் பொது நன்மைக்கான நிபந்தனை விதிப்பதில் என்ன தவறு? சாலைக்கும் சாக்கடைக்கும் நிலம் ஒதுக்கச் சொல்கின்ற அரசு, அங்கேயே வாழ்ந்த மனிதருக்கும் நிலம் ஒதுக்கச் சொல்லலாம்.

"இது பழைய கதை. இப்பொழுது தோட்டங்களில் நம்மவர்களே இல்லையே" என்றும் சொல்லலாம். கீழ்ப்பேராக்கிலும் பாகான் டத்தோ பக்கமும் செம்பனைத் தோட்டங்களில் நம் குடும்பங்கள் இன்னமும் இருக்கின்றன. வெளியேறியவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் வாடகை வீட்டில் இருக்கின்றார்கள். கடன் அடையாதவரை கணக்கு பழையதாகாது.

வேறு நாடுகளில் இது நடந்ததுண்டா? இலங்கை மலையகத்தில் லயன்களில் வாழும் நம் உறவுகளுக்கு ஏழு பேர்ச் நிலத்தோடு தனிவீடு என்பது அரசின் கொள்கையாகியது. இந்திய அரசின் உதவியுடன் முதலில் 4,000, பின்னர் 2017-இல் மேலும் 10,000 வீடுகள் என்று அறிவிக்கப்பட்டது. வேலை மெதுவாக நடக்கின்றது, குறைகளும் உண்டு. ஆனாலும் லயத்து மனிதருக்கு மண்ணில் உரிமை உண்டு என்ற கொள்கை ஏட்டில் ஏறிவிட்டது. மறுபுறம், தமிழ்நாட்டின் மாஞ்சோலையில் 1929-இல் தொடங்கிய 99 ஆண்டுக் குத்தகை 2028-இல் முடிவதால், 2024-இல் தொழிலாளர்களை விருப்ப ஓய்வு பெற்றுப் போகச் சொன்னது தோட்ட நிறுவனம். தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தவர்கள் அங்கும் 'நாங்கள் எங்கே போவது?' என்றுதான் கேட்டார்கள்.

பள்ளிக்கும் இதுவே கதை

ஆசிரியர்களே, வீட்டுக் கதையை நமக்கு ஏன் சொல்கிறாய் என்று நீங்கள் நினைக்கலாம். பேராக்கில் 134 தமிழ்ப்பள்ளிகள் உள்ளன. நாட்டிலேயே இம்மாநிலத்தில்தான் மிகுதி. அவற்றின் பெயர்ப்பலகைகளைப் பாருங்கள். எல்பில், டோவன்பி, கிந்தா வேலி, சங்காட் கிண்டிங், ஜெண்டராட்டா என்று எத்தனை தோட்டப் பெயர்கள்! பள்ளியும் வீட்டைப் போலவே முதலாளியின் நிலத்தில் கட்டப்பட்டது. அதனால்தான் பல தமிழ்ப்பள்ளிகள் முழு அரசாங்கப் பள்ளியாகாமல் பகுதி உதவிபெறும் பள்ளிகளாக இருந்தன. மண் நம்முடையதில்லை என்ற ஒரே காரணம், லயத்தையும் பள்ளியையும் ஒரே கயிற்றில் கட்டியது.

தோட்டம் விற்கப்பட்டு நூறு குடும்பங்கள் நூறு திசைக்குப் போனால், பள்ளிக்கு மாணவர் எங்கிருந்து வருவர்? மாணவர் குறைந்ததும், தமிழ்ப்பள்ளிக்கு வரவேற்பு இல்லை என்று புள்ளிவிவரம் பேசுகின்றது. அந்த நூறு குடும்பங்களும் ஒரே இடத்தில் சொந்த வீட்டில் குடியேறியிருந்தால், பள்ளியும் அங்கே பெயர்ந்திருக்கும். கோயிலும் பெயர்ந்திருக்கும். என் வகுப்பு வருகைப் பதிவேட்டில், ஆண்டு முடிவதற்குள் முகவரி மாறும் பிள்ளைகள் ஒவ்வோர் ஆண்டும் உண்டு. வாடகை உயர்ந்தது, வீட்டுக்காரர் வீட்டைக் கேட்டார், வேறு தாமானுக்குப் போய்விட்டோம் என்று பெற்றோர் வந்து நிற்பார்கள். வாசிப்பில் அப்பொழுதுதான் தேறத் தொடங்கிய பிள்ளை, பாதியில் வேறு பள்ளிக்குப் போய் மறுபடியும் முதலிலிருந்து தொடங்கும். எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்று பழமொழிப் பாடம் நடத்துகின்றோம். வளை இல்லாத பிள்ளையிடம்தான் நடத்துகின்றோம்.

வேண்டுவன

ஒன்று, வேளாண் தோட்டம் கட்டட நிலமாக மாற்றப்படும்போது, அங்குக் குடியிருக்கும் குடும்பங்களுக்குப் பட்டாவுடன் கூடிய தரைவீட்டை முதலில் கட்டிக் கொடுத்த பின்னரே புதிய பட்டா வழங்கப்பட வேண்டும். இதற்குப் புதிய சட்டம் தேவையில்லை. 124-ஆம் பிரிவின்கீழ் நிபந்தனை விதிக்கும் அதிகாரம் மாநில அரசிடம் இன்றே இருக்கின்றது.

இரண்டு, பணிநீக்க இழப்பீட்டுக் கணக்கில் வீட்டின் மதிப்பு சேர்க்கப்பட வேண்டும். ஓய்வு வயதை எட்டியவருக்கும் அது பொருந்த வேண்டும்.

மூன்று, முன்னாள் தோட்டக் குடும்பங்களுக்கு மாநில அரசு மனை ஒதுக்கித் தர வேண்டும். மனை கிடைத்தால் ருமா மெஸ்ரா போன்ற திட்டங்களின் கதவு தானாகத் திறக்கும்.

நான்கு, விற்காமல் கிடக்கும் வீடுகளை வாடகையோடு சேர்த்துச் சொந்தமாக்கும் முறையில், மாவட்டத்தின் வருமானத்துக்கு ஏற்ற தவணையில் கொடுக்க வேண்டும்.

இவற்றைக் கேட்பதற்குச் சான்று வேண்டும். நீங்கள் எந்தத் தோட்டத்தில் எத்தனை ஆண்டு இருந்தீர்கள் என்று அதிகாரி கேட்டால், வாய்ச்சொல் போதாது. பெற்றோர்களே, தோட்ட முகவரி உள்ள பழைய பிறப்புச் சான்றிதழ், சம்பளச் சீட்டு, சேமநிதி அறிக்கை, தொழிற்சங்க உறுப்பினர் அட்டை ஆகியவற்றை எறிந்துவிடாதீர்கள். ஒரு கோப்பில் சேர்த்து வையுங்கள். மலிவுவிலை வீட்டுப் பதிவு எப்பொழுது திறந்தாலும் பெயரைப் பதியுங்கள்.

ஆசிரியர்களே, நம்மிடம் ஒரு பெரிய சான்று இருக்கின்றது. ஒவ்வொரு தோட்டப் பள்ளியின் அலமாரியிலும் பழைய மாணவர் சேர்க்கைப் பதிவேடு உள்ளது. பிள்ளையின் பெயர், தந்தையின் பெயர், முகவரி, சேர்ந்த நாள் எல்லாம் அதில் இருக்கும். எந்தக் குடும்பம் எந்த ஆண்டில் எந்தத் தோட்டத்தில் வாழ்ந்தது என்பதற்கு அதைவிடச் சிறந்த ஆவணம் ஏது? கரையான் தின்னுமுன் தலைமையாசிரியரின் ஒப்புதலோடு அவற்றைப் படியெடுத்துப் பாதுகாப்போம். உரிய குடும்பம் வந்து கேட்டால் உறுதிக் கடிதம் கொடுப்போம். நாடாளுமன்ற, சட்டமன்ற உறுப்பினர்களைப் பள்ளி விழாவுக்கு அழைக்கின்றோம், மாலை அணிவிக்கின்றோம். அடுத்த முறை மாலையோடு மேலே உள்ள நான்கு கோரிக்கைகளையும் எழுதிக் கையில் கொடுப்போம்.

அதுவரையில், 'நம்மவர்களுக்குச் சேமிக்கத் தெரியாது' என்று எவரேனும் மேடையில் தொடங்கினால், அமைதியாக ஒன்று கேளுங்கள்: "ஐயா, முப்பதாண்டுச் சம்பளக் கணக்கில் அந்த வீட்டை எந்தப் பத்தியில் எழுதினீர்கள்?"